மெய்கோ காஜி ஆபாசப் பட நடிகையா?

கேள்வி: அண்ணை, 'கில் பில்' முதல் பாகத்தில் பனி கொட்டிய தோட்டத்தில் வாள்சண்டை முடிந்ததும் ஒரு யப்பானியப் பாட்டு வரும். பாடியவர் மெய்கோ காஜி என்ற நடிகையாம். தேடினால் சிறை, சித்திரவதை, அரைகுறை உடுப்பு என்றுதான் வருகிறது. இவர் ஆபாசப் பட நடிகையா?
(வாசகி, மல்லாவி)

பதில்: இல்லைத் தங்கச்சி. 1947 இல் ரோக்கியோவில் பிறந்தவர், சொந்தப் பெயர் மசாகோ ஒட்டா. நிக்காட்சு கொம்பனியில் சின்ன வேடங்களில் தொடங்கி, 1970 இல் வந்த 'ஸ்ட்ரே கெட் ரொக்' வரிசையில் ரவுடிப் பெண்களின் தலைவியாக நின்று பெயர் எடுத்தார். வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்து தியேட்டர்கள் காற்று வாங்கிய காலம் அது. 1971 கடைசியில் நிக்காட்சு பாலுறவுப் படங்களில் முழுதாக இறங்க, காஜி அங்கே நிற்கவில்லை, தோயெய் கொம்பனிக்குப் போய்விட்டார்.

அங்கே 1972 இல் நடித்ததுதான் 'பெண் கைதி 701: தேள்'. காதலித்த பொலிஸ்காரனே காட்டிக்கொடுத்து, சிறைக்குப் போய்ப் பழிவாங்கும் பெண்ணின் கதை. சரி, அதிலும் நிர்வாணமும் வன்முறையும் இருக்கின்றன, சில காட்சிகள் எனக்கு அறவே பிடிக்காதவை. ஆனால் மூலச் சித்திரக்கதையில் வாய் திறந்தால் தூஷணம் பேசும் அந்தப் பெண்ணைப் பேசாதவளாக மாற்றச் சொன்னவர் காஜிதான், இயக்குநர் ஷுன்யா இட்டோவும் ஒப்புக்கொண்டார். அதே ஆண்டு வந்த இரண்டாம் படத்தின் தொடக்கத்தைப் பாருங்கள்: நிலவறையில் கட்டுண்டு கிடந்தபடி, கரண்டியொன்றைப் பல்லால் கவ்வி, தரையில் உரசி உரசிக் கூராக்குகிறார். படம் முழுக்க அவர் பேசுவதை விரல்விட்டு எண்ணலாம். முள்ளியவளையில் கோவலன் கூத்துப் பார்த்த எங்கட சனத்துக்கு நீதி கேட்டு வரும் பெண்ணின் கோபம் புதிதில்லை, ஆனால் கண்ணகி பாட்டாய்க் கொட்டும் கோபத்தை இவர் பார்வையிலேயே வைத்திருக்கிறார். கதாநாயகி அழுது மன்றாடுவதை எதிர்பார்த்து வந்தவனை அந்தப் பார்வை கதிரையில் நெளிய வைத்திருக்கும்!

நீங்கள் கேட்ட பாட்டு 1973 இல் வந்த 'லேடி ஸ்னோபிளட்' படத்துக்காக அவரே பாடியது. சிறையில் பிறந்து, தாய்க்காகப் பழிவாங்க வளர்க்கப்படும் பெண்ணாக நடித்தார். 'கில் பில்' இயக்குநர் ரரன்ரினோ அந்தப் படத்திலிருந்து எடுத்தது பாட்டை மட்டுமல்ல, பனியில் நடக்கும் வாள்சண்டையும் அங்கிருந்து வந்ததுதான். 'தேள்' படத்துக்கு அவர் பாடிய பாட்டு 'கில் பில்' இரண்டாம் பாகத்தின் முடிவில் வரும்.

'தேள்' வரிசையில் நாலு படத்தோடு நிறுத்திக்கொண்டவர், 1978 இல் யசுசோ மசுமுராவின் 'சொனெசாகி ஷின்ஜூ' என்ற காதல் சோகக் கதையில் நடித்து விருதுகள் வாங்கினார். பிறகு தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார்.

முதலில் 'லேடி ஸ்னோபிளட்'டையே பாருங்கள், பிள்ளைகள் படுத்த பிறகு.