வாசகர் கேள்விகள்: பையில் புத்தகம், எதிரே கழிமுகம்

சு. தியடோர் பாஸ்கரனின் இயற்கை நூல்களை வாசிக்கத் தொடங்கியிருக்கிறேன். சோலை, வேங்கை என்று படித்துவிட்டு வெளியே வந்தால் குழாய்களும் புகைபோக்கிகளும்தான் கண்ணில் படுகின்றன. இங்கே இருந்துகொண்டு இவற்றை எப்படி வாசிப்பது?
- வாசகர், திருவொற்றியூர்

‘கானுறை வேங்கை’ பிறகு ஆகட்டும். புலி ஆய்வாளர் உல்லாஸ் காரந்த் எழுதிய நூலுக்கு பாஸ்கரன் செய்த தமிழாக்கம் அது. ‘இன்னும் பிறக்காத தலைமுறைக்காக’, ‘வானில் பறக்கும் புள்ளெலாம்’ இரண்டும் கட்டுரைத் தொகுப்புகள். நாளுக்கு ஒரு கட்டுரை போதும். ‘வனவிலங்கு’ என்னாமல் பாஸ்கரன் ‘காட்டுயிர்’ என்று எழுதுவதைக் கவனியுங்கள். பறவை, பூச்சி, செடி எல்லாம் அந்தச் சொல்லுக்குள் வந்துவிடும். அப்படிப் பார்த்தால் உங்கள் எண்ணூர்க் கழிமுகமும் காட்டுயிர் வாழிடம்தான்.

அக்டோபர் முதல் மார்ச் வரை, நீர் வற்றிச் சேறு தெரியும் வேளையில் போங்கள். உள்ளான் என்னும் கரையோரப் பறவைகள் இரை தேடுவது அந்தச் சேற்றில்தான். பலரும் ஏமாறுவது நேரத்தில். ஓதம், அதாவது கடல்நீர் ஏறி வற்றும் நேரம், நாளுக்குச் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும். ஏழு நாளில் அது ஏறத்தாழ 6 மணி நேரம் ஆகிவிடும். போன ஞாயிறு 7 மணிக்குச் சேறாக இருந்த இடம் இந்த ஞாயிறு அதே 7 மணிக்கு நீராக நிற்கும். அதற்கடுத்த ஞாயிறு மறுபடி சேறு. துறைமுக ஓத அட்டவணை வெளிக்கடலுக்கானது. கழிமுகத்துக்குள் தாமதமாகும், முகத்துவாரத்தில் மணல் மேடிட்டால் இன்னும் தாமதம். எவ்வளவு என்பதை நீங்களே குறித்து வையுங்கள்.

வெயில் முதுகில் படும்படி நில்லுங்கள். எதிர்வெயிலில் எல்லாப் பறவையும் கறுப்பு. எட்டு மடங்கு பெரிதாக்கும் 8x42 தொலைநோக்கி போதும். 10 மடங்கு என்றால் கை நடுக்கத்தையும் பெரிதாக்கும். முதலில் கால் நிறம், அடுத்து தலையோடு ஒப்பிட அலகின் நீளம், இரண்டையும் எழுதிய பிறகே புத்தகத்தைத் திறக்க வேண்டும். படத்தை முதலில் பார்த்துவிட்டால் பவளக்காலியும் நெடுங்கால் உள்ளானாகவே தெரியும்.

கண்டலும் அலையாத்தியும் ஒன்றா? புத்தகத்துக்குப் புத்தகம் மாறுகிறதே.
- வாசகர், எண்ணூர்

இந்தச் சதுப்புநில மரங்களின் பெயரை விடுங்கள், வேரைப் பாருங்கள். தண்டிலிருந்து வளைந்து முட்டுக்கொடுத்து இறங்கினால் ஒரு வகை. சேற்றிலிருந்து பென்சில் பென்சிலாக மேலே நீட்டிக்கொண்டிருந்தால் இன்னொன்று. இதைத்தான் வெண்கண்டல் என்கிறோம். எண்ணூரில் மிகுதியாக இருப்பதும் அதுவே. அந்தப் பென்சில்கள் மூச்சுவிடும் வேர்கள், அவற்றிலுள்ள நுண்துளைகள் வழியேதான் சேற்றுக்கடியில் காற்று போகிறது. அனல்மின் நிலையச் சாம்பல் அவற்றை மூடினாலோ, 2023 டிசம்பர் எண்ணெய்க் கசிவில் நடந்ததுபோல அவற்றில் எண்ணெய் பூசிக்கொண்டாலோ மரம் மூச்சுத்திணறும். இலை உடனே உதிராது என்பதால் மரம் நலமாக இருப்பதாக எண்ணிவிடக் கூடாது.

கடற்காற்றில் புத்தகங்கள் பூசணம் பிடிக்கின்றன. பிளாஸ்டிக் உறையில் போடலாமா?
- வாசகர், காசிமேடு

வேண்டாம். ஈரம் உள்ளேயே தங்கிவிடும். சுவரிலிருந்து நான்கு விரல் தள்ளி, நெருக்காமல் நிமிர்த்தி அடுக்குங்கள். கழிமுகத்துக்குக் கொண்டுபோன புத்தகத்தை அன்றே விரித்து மின்விசிறிக் காற்றில் உலர்த்துங்கள், வெயிலில் வேண்டாம்.