அந்த சீரியல் எந்த ஆப்பில்?

*அம்மாவுக்கு 70 வயது. மாலையில் கரன்ட் போனால் சீரியல் தவறிவிடுகிறது. சன் டிவியில் ஒன்று, விஜய் டிவியில் இரண்டு, ஜீ தமிழில் ஒன்று பார்க்கிறார். எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஆப் இருக்கிறதா?*
– வாசகி, கும்பகோணம்

இல்லை. ஆனால் எதை எங்கே தேடுவது என்பது எளிது. சீரியலின் பெயரை விடுங்கள். திரையின் மூலையில் இருக்கும் சேனல் முத்திரையைப் பாருங்கள். சன் குழுமத்தின் தொடர்கள் சன் நெக்ஸ்டில் இருக்கும். விஜய் டிவி, கலர்ஸ் தமிழ் இரண்டும் ஜியோஹாட்ஸ்டாரில். ஜீ தமிழ் தொடர்கள் ஜீ5-ல். பழைய குறிப்புகளில் வூட், ஜியோசினிமா, டிஸ்னி பிளஸ் ஹாட்ஸ்டார் என்று எழுதியிருந்தால் குழம்ப வேண்டாம். வூட் 2023-ல் ஜியோசினிமாவில் கரைந்தது. ஜியோசினிமாவும் ஹாட்ஸ்டாரும் 2025 பிப்ரவரி 14 அன்று ஜியோஹாட்ஸ்டார் என்று ஒன்றாகின.

மூன்று சந்தாக்களைத் தனித்தனியாகக் கட்டும் முன், வீட்டு இன்டர்நெட் அல்லது டிடிஎச் நிறுவனத்திடம் கேளுங்கள். ஏர்டெல் எக்ஸ்ட்ரீம் ப்ளே, டாடா ப்ளே பிஞ்ச் போன்றவை பல ஆப்களை ஒரே சந்தாவில் தருபவை. எந்தத் திட்டத்தில் எது அடங்கும் என்பது அடிக்கடி மாறும். ஆகவே பணம் கட்டும் அன்றைய பட்டியலில் உங்களுக்கு வேண்டிய மூன்று பெயர்களும் இருக்கின்றனவா என்று விரல் வைத்துப் பார்த்துவிடுங்கள்.

ஆப்பைப் போட்டதும் மொழித் தேர்வில் தமிழை முதலில் வையுங்கள். இதைச் செய்யாததால்தான் பலர் 'சீரியலே இல்லை' என்று மூடிவிடுகிறார்கள். 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' என்று தேடினால் அதன் இந்தி வடிவமான 'பாண்டியா ஸ்டோர்' முன்னால் வந்து நிற்கலாம். தமிழிலேயே முதல் பாகமும் இரண்டாம் பாகமும் தனித்தனித் தொடர்களாக இருக்கும். 'எதிர்நீச்சல்' என்றால் 1968 படம், 2013 படம், 2022-ல் தொடங்கிய சீரியல் என்று மூன்று உண்டு. போஸ்டரில் இருக்கும் முகத்தைப் பார்த்து அழுத்துங்கள். ஆங்கில எழுத்துக்கூட்டல் டைட்டில் கார்டில் உள்ளபடியே இருக்கட்டும். ரிமோட்டில் மைக் பட்டன் இருந்தால் அம்மாவே தமிழில் சொல்லித் தேடலாம். சீரியல் கிடைத்தவுடன் 'வாட்ச்லிஸ்ட்'டில் சேர்த்துவிட்டால் மறுநாள் தேடவே வேண்டியதில்லை.

*'கோலங்கள்', 'சித்தி' போன்ற பழைய சன் டிவி தொடர்களை முதலிலிருந்து பார்க்க வேண்டும். அதே சேனலின் ஆப்பில் எல்லாமே இருக்க வேண்டும் அல்லவா?*
– வாசகர், விருதுநகர்

இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை. அதற்கான காரணம் தெரிந்தால் தேடுவது பாதி முடிந்தது.

அன்றைய சீரியல்களில் பலவற்றுக்கு சேனல் முதலாளி அல்ல. தயாரிப்பு நிறுவனம் அரை மணி நேர 'ஸ்லாட்'டுக்கு சேனலிடம் கட்டணம் செலுத்தும். தன் செலவில் தொடரை எடுக்கும். விளம்பர நேரத்தைத் தானே விற்றுக் காசு பார்க்கும். தொடர் அந்தத் தயாரிப்பாளரின் சொத்தாகவே இருக்கும். சேனலே பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன தொடர் என்றால் உரிமை சேனலுக்கு. அதனால் பழைய தொடர் என்றால் சேனல் பெயரோடு நின்றுவிடாமல், எபிசோடு முடிவில் ஓடும் தயாரிப்பு நிறுவனத்தின் பெயரை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். அந்தப் பெயரில் யூடியூப் சேனல் இருக்கிறதா என்று பாருங்கள்.

'சித்தி', 'அண்ணாமலை', 'வாணி ராணி' ஆகியவை ராடான் தயாரிப்பு. 'கோலங்கள்', 'தெய்வமகள்' விகடனின் தயாரிப்பு. 'நாதஸ்வரம்' இயக்குநர் திருமுருகனின் திரு பிக்சர்ஸ். 'மர்மதேசம்' என்றால் கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள், அதை அவருடைய இன்னொரு நிறுவனமான கவிதாலயாவின் யூடியூப் சேனலில் தேடுங்கள். தயாரிப்பாளரே ஏற்றியிருந்தால் இலவசம், சட்டப்படியும் சரி, நீங்கள் பார்ப்பதில் வரும் விளம்பரக் காசும் எடுத்தவர்களுக்கே போய்ச் சேரும். அங்கே இல்லாததற்கு சன் நெக்ஸ்டைப் பாருங்கள்.

யூடியூபில் வழக்கமாகச் செய்யும் தவறு, தேடல் கட்டத்தில் பெயரைத் தட்டி முதலில் வருவதை அழுத்துவது. அது 412-ஆம் எபிசோடாக இருக்கும். சேனலுக்குள் போய் 'ப்ளேலிஸ்ட்' பகுதியைத் திறந்து, அங்கிருந்து வரிசையாகத் தொடங்குங்கள். ப்ளேலிஸ்ட் இல்லையென்றால் 'வீடியோஸ்' பகுதியில் 'ஓல்டஸ்ட்' என்பதைத் தேர்ந்தெடுத்தால் முதலில் ஏற்றியது மேலே வரும். இடையில் சில எபிசோடுகள் விடுபட்டிருக்கும். சிலவற்றில் பாடல் வரும் இடத்தில் ஒலியே இருக்காது. இசை நிறுவனம் உரிமை கோரியதால் நிறுத்தப்பட்ட ஒலி அது, உங்கள் டிவியின் பழுது அல்ல.

படம் இடவலமாகத் திரும்பியிருந்தால் (எழுத்துகள் கண்ணாடியில் தெரிவதுபோல் இருக்கும்), ஓரங்கள் வெட்டப்பட்டு நடுவில் சிறு கட்டமாக ஓடினால், குரல் கீச்சென்று மாறியிருந்தால், அது யாரோ திருடி ஏற்றியது. யூடியூபின் தானியங்கிச் சோதனையில் சிக்காமலிருக்கத்தான் இந்த வேலையெல்லாம். அது பாதிக் கதையில் காணாமல் போகும். அதை நம்பி 200 எபிசோடு பார்த்தபின் தவிக்க வேண்டாம்.

இன்னொன்று: 'கோலங்கள்' 1,533 எபிசோடுகள். விளம்பரம் நீக்கி ஒன்றுக்கு 20 நிமிடம் என்றால் சுமார் 511 மணி நேரம். தினம் மூன்று பார்த்தாலும் ஒன்றரை ஆண்டுக்கும் கொஞ்சம்தான் குறைவு. இதற்காக ஒரு மாதச் சந்தா போட்டு முடித்துவிடலாம் என்று கணக்குப் போடாதீர்கள்.

*'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' ஹாட்ஸ்டாரில் பாதி பார்த்திருந்தேன். பிறகு ஒருநாள் தேடினால் இல்லை. எங்கே போனது?*
– வாசகர், திருச்சி

திரும்பி வந்துவிட்டது. அந்தத் தொடர் அமெரிக்காவின் எச்பிஓ சேனலுடையது. ஹாட்ஸ்டார் அதைக் குத்தகைக்குத்தான் வைத்திருந்தது. 2023 மார்ச் 31-உடன் குத்தகை முடிந்ததும் எச்பிஓ தொடர்கள் மொத்தமாக வெளியேறின. அடுத்து ஜியோசினிமா உரிமையை வாங்கியது. பிறகு இரண்டு ஆப்களும் இணைந்ததால் இப்போது ஜியோஹாட்ஸ்டாரில் இருக்கிறது. மொத்தம் 8 சீசன், 73 எபிசோடு. எங்கே விட்டீர்கள் என்பதைப் புதிய ஆப் நினைவில் வைத்திருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். சீசன், எபிசோடு எண்ணை ஒரு தாளில் குறித்துவைப்பது நல்லது.

வெளிநாட்டுத் தொடர்களுக்கு ஜஸ்ட்வாட்ச் என்ற தளம் கைகொடுக்கும். முதலில் நாடு 'இந்தியா' என்று இருக்கிறதா பாருங்கள். அமெரிக்கா என்று இருந்தால் இங்கே இல்லாத ஆப்களைக் காட்டி அலைக்கழிக்கும். பெயரைத் தட்டினால் சந்தாவில் பார்ப்பது, வாடகைக்கு எடுப்பது, விலைக்கு வாங்குவது என்று பிரித்துக் காட்டும். வாடகை என்றால் சந்தாவுக்கு மேல் தனிக் காசு. எந்தெந்த சீசன் இருக்கிறது என்பதையும் பாருங்கள். சில தொடர்களின் சீசன்கள் இரண்டு ஆப்களில் சிதறிக் கிடக்கும். தமிழ் தினசரித் தொடர்களுக்கு மட்டும் இந்தத் தளத்தை நம்ப வேண்டாம். அதற்கு மேலே சொன்ன சேனல் முத்திரை வழிதான்.

*ரீசார்ஜுடன் கிடைத்த சந்தாவில் போனில் ஓடுகிறது; ஸ்மார்ட் டிவியில் ஓட மறுக்கிறது. டேட்டாவும் சீக்கிரம் தீர்ந்துவிடுகிறது.*
– வாசகி, ஈரோடு

உங்களுக்குக் கிடைத்திருப்பது 'மொபைல்' சந்தாவாக இருக்கும். அது போனுக்கு மட்டுமே. டிவியில் லாகின் செய்தால் திட்டத்தை உயர்த்தச் சொல்லும். ஆப்பில் 'மை அக்கவுன்ட்' பகுதியில் திட்டத்தின் பெயரைப் பாருங்கள். ஒயர் போட்டோ, போன் திரையை டிவிக்கு அனுப்பியோ பார்த்தாலும் பெரும்பாலும் கறுப்புத் திரைதான் வரும். நகல் எடுப்பதைத் தடுக்கும் பூட்டு அது.

டேட்டாவுக்கு ஒரு கணக்கு. நெட்ஃபிளிக்ஸ் தரும் அளவுப்படி நடுத்தரத் தரத்தில் ஒரு மணி நேரத்துக்கு சுமார் 0.7 ஜிபி, உயர்தரத்தில் 3 ஜிபி வரை. தினம் 1.5 ஜிபி திட்டத்தில் உயர்தரமாக அரை மணி நேரம் பார்த்தாலே அன்றைய கோட்டா காலி. ஆப்பின் 'வீடியோ குவாலிட்டி'யை 'ஆட்டோ'விலிருந்து நடுத்தரத்துக்கு மாற்றுங்கள். போன் திரையில் பெரிய வித்தியாசம் தெரியாது.

*மலேசியாவில் இருக்கிறோம். இந்தியாவில் வரும் தமிழ்த் தொடர்கள் இங்கே கிடைக்கவில்லை.*
– வாசகி, கிள்ளான்

உரிமை நாட்டுக்கு நாடு தனியாக விற்கப்படுவது. ஊரில் வாங்கிய சந்தாவைக் கொண்டுவந்தாலும் பட்டியல் மாறும். உங்கள் நாட்டு ஆப் ஸ்டோரில் அந்த ஆப் இருக்கிறதா என்று பார்த்து, அங்கேயே சந்தா போடுங்கள். உள்ளூர்த் தமிழ்த் தொடர்களுக்கு மலேசிய டிவி நிறுவனமான ஆஸ்ட்ரோவின் ஆப் இருக்கிறது. சிங்கப்பூரில் வசந்தம் என்ற தமிழ் சேனலின் தொடர்கள் மீவாட்ச் ஆப்பில் இலவசம்.

*ஆப்பை அழித்த பிறகும் வங்கியில் பணம் பிடிக்கிறார்கள். என்ன செய்வது?*
– வாசகர், தூத்துக்குடி

போனிலிருந்து ஆப்பை நீக்கினால் சந்தா நிற்காது. எந்த வழியாகக் கட்டினீர்களோ அந்த வழியில்தான் நிறுத்த வேண்டும். ப்ளே ஸ்டோர் மூலம் என்றால்: ப்ளே ஸ்டோரில் உங்கள் படத்தை அழுத்தி, 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்', அதில் 'சப்ஸ்கிரிப்ஷன்ஸ்', பிறகு 'கேன்சல்'. யுபிஐ மூலம் என்றால், எந்த யுபிஐ ஆப்பில் அனுமதி கொடுத்தீர்களோ அதில் 'ஆட்டோபே' பகுதியைத் திறந்து அந்தப் பெயரை ரத்து செய்யுங்கள். கார்டில் நேரடியாகக் கட்டியிருந்தால் அந்த ஆப்பின் இணையதளத்தில் லாகின் செய்து நிறுத்த வேண்டும்.

ரிசர்வ் வங்கியின் விதிப்படி, இப்படித் தானாகப் பிடிக்கும் முன் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்னால் உங்களுக்குத் தகவல் வர வேண்டும். அந்தக் குறுஞ்செய்தியை விளம்பரம் என்று நினைத்து அழித்துவிடாதீர்கள். அதிலேயே நிறுத்தும் வழியும் இருக்கும். ரத்து செய்தபின் கட்டிய காலம் முடியும்வரை பார்க்கலாம் என்றுதான் பெரும்பாலான ஆப்களில் இருக்கிறது. ஆகவே கடைசி நாள்வரை காத்திருக்காமல் இன்றே நிறுத்திவிடுங்கள்.