பெயர் போடாத அந்த அம்மா

கிறிஸ்துமஸ் தாத்தா படத்தில், மகன் கேட்ட தீயணைப்பு வண்டி பொம்மை எங்கேயும் கிடைக்கவில்லை என்று அலுத்துக்கொள்ளும் அம்மா யார், பெயர்ப்பட்டியலில் தேடியும் இல்லையே என்று கேட்டிருந்தீர்கள். படம் 1947-இல் வந்த 'மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்'. அவர் தெல்மா ரிட்டர். பட்டியலில் கிடைக்காது, அந்தப் படத்தில் அவர் பெயரையே போடவில்லை.

அதுதான் அவருடைய முதல் படம். வயது நாற்பத்தைந்து! நியூயார்க்கின் புரூக்ளின் பகுதிக்காரர், அந்த ஊர்ப் பேச்சு வாடையைக் கடைசிவரை விடவில்லை. அப்புறம் வேலைக்காரி, நர்ஸ், அம்மா என்று சின்ன வேடங்கள்தான். ஆனால் 1950 முதல் 1962 வரையிலான படங்களுக்குத் துணை நடிகைப் பிரிவில் ஆறு முறை ஆஸ்கர் பரிந்துரை. ஒரு முறைகூடக் கொடுக்கவில்லை. நாடக மேடைதான் 1958-இல் டோனி விருது கொடுத்தது, அதுவும் இன்னொரு நடிகையோடு சமமாக.

அடுத்து எதைப் பார்ப்பது என்றீர்கள். பலரும் 'ரியர் விண்டோ' என்பார்கள். காலில் மாவுக்கட்டோடு கிடப்பவரை உடம்பு பிடித்துக்கொண்டே திட்டும் நர்ஸ், சரி, நன்றாகத்தான் இருக்கும். நான் சொல்வது 1953-இன் 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்'. அதில் அவர், கழுத்தில் கட்டும் டை விற்றுக்கொண்டு போலீசுக்குத் துப்புக் கொடுக்கும் கிழவி. அநாதைப் பிணமாகப் புதைத்துவிடக் கூடாதே என்று கல்லறை இடத்துக்குக் காசு சேர்க்கிறாள். கொல்ல வந்தவன் எதிரே நிற்க, கிராமபோன் ஓடிக்கொண்டிருக்க, 'களைத்துப்போய்விட்டேன்' என்கிற மாதிரி பேசுவார் பாருங்கள். அந்தக் காட்சிக்கு முன்னால் காபி போட்டுவிட்டு வந்து உட்காருங்கள், நடுவில் எழுந்திருக்க மனசு வராது.