நிறம் குறைவா?

அன்புள்ள அம்மா,

எனக்கு 24 வயது. கன்னத்தில் பருத் தழும்புகள், நிறமும் குறைவு. அடுத்த மாதம் அக்காவுக்குத் திருமணம். தேக்காவில் அரக்குப் பட்டு எடுத்தேன். "உன் நிறத்துக்கு எடுபடாது" என்கிறார் என் அம்மா. எல்லாரும் பார்ப்பார்களே என்று பெருவிரைவு ரயிலில்கூட முகக்கவசத்தோடுதான் போகிறேன். நிறத்தைக் கூட்டுமென்று இணையத்தில் ஒரு களிம்பு வாங்கியிருக்கிறேன். போடலாமா?

க., ஈசூன், சிங்கப்பூர்

அன்புள்ள க.,

என்னென்ன கலந்தது என்று அந்த டப்பாவில் எழுதியிருக்கிறதா? இல்லையென்றால் தொடாதீர்கள். இத்தகைய களிம்புகள் சிலவற்றில் பாதரசம் இருப்பதாகச் சுகாதார அறிவியல் ஆணையம் எச்சரித்திருக்கிறது. தோலில் நிறமி உண்டாவதைத் தடுக்கும் பாதரசம் சிறுநீரகத்தையும் கெடுத்துவிடும். தழும்புக்குப் பலதுறை மருந்தகம் இருக்கிறது. ரயிலில் யாரும் உங்களைப் பார்ப்பதில்லை. அவரவர் கைப்பேசியைப் பார்க்கிறார்கள்.

ஆனால் "நிறமும் குறைவு" என்று எழுதினீர்களே, அதை என்னால் தாண்டிப் போக முடியவில்லை. கறுப்பு நிறமில்லையா? வெளுத்த பெண்ணை "நல்ல நிறம்" என்கிறோம். கறுத்தவளுக்கு நிறமே இல்லை என்று நம் பேச்சே தீர்ப்பு எழுதிவிடுகிறது. அதை உங்கள் கையாலேயே எழுதி அனுப்பியிருக்கிறீர்கள். எனக்குக் கோபம் வருகிறது, க.

குறுந்தொகையின் 27ஆம் பாடலை எடுத்துப் படியுங்கள். வெள்ளிவீதியாரின் தலைவி, தன் மாமைக் கவினைப் பசலை தின்னப்போகிறதே என்று நோகிறாள். மாமை என்பது மாந்தளிரின் கருமை படர்ந்த நிறம். அதுதான் அழகு. பசலை என்பது பிரிவுத் துயரில் மேனி வெளிறிப்போவது. வள்ளுவரும் அதற்கென்று ஓர் அதிகாரமே வைத்தார். வெளிறுவதை நோயாகக் கண்ட மொழி இது! அந்த மொழியில்தான் நீங்கள் நிறம் குறைவு என்கிறீர்கள்.

எனக்குப் பதினாறு வயதிருக்கும். எந்தத் திருமணத்துக்குக் கிளம்பினாலும், எங்கள் புளோக்கின் மின்தூக்கிக்குள் என்னை மூலையில் நிறுத்தி, முகத்திலிருந்து கழுத்துவரை பவுடர் தேய்ப்பார் என் அம்மா. கீழ்த்தளம் வருவதற்குள் முடித்துவிட வேண்டுமென்று அந்த விரல்கள் பதறும். அவரும் என் நிறம்தான். அவருடைய முகத்தில் யார் இப்படித் தேய்த்தார்கள் என்று நான் கடைசிவரை கேட்கவில்லை.

உங்கள் அம்மாவிடம் கேளுங்கள். சண்டையாக வேண்டாம், பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். திருமணத்தன்று அந்த அரக்குப் பட்டையே உடுத்துங்கள்.