கட்டிப்போடக் கயிறு எதற்கு? மலைக்காட்டுக் கடத்தல் பற்றிக் கேள்வி பதில்

நான் கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைக்காரன். வீட்டில் தமிழ், வேலையில் மலையாளம். வனத்துறையில் வாட்ச்சராகச் சேர்ந்து ஃபாரஸ்டராக ஓய்வு பெற்றேன். பாதிக் காலம் பறம்பிக்குளம், மீதி நெல்லியாம்பதி. என்னை யாரும் கடத்தியதில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வழி தவறியவர்களைத் தேடிப் போயிருக்கிறேன், ஒருமுறை நானே தவறியிருக்கிறேன். கடத்தல் செய்திகளைக் கத்தரித்து நோட்டில் ஒட்டிவைக்கும் பழக்கமும் உண்டு. மனைவிக்கு அது பிடிக்காது. வந்த கேள்விகளைச் சுருக்கித் தந்திருக்கிறேன்.

நெம்மாறை, கல்லூரி மாணவர்: ஐயா, சினிமாவில் கடத்தப்பட்டவரை மரத்தில் கட்டிவைக்கிறார்கள். உண்மையில் அப்படித்தானா?

கயிறு எதற்குத் தம்பி? காடு போதுமே. 2000 ஜூலை 30 இரவு, தாளவாடி பக்கம் தொட்ட காஜனூரில் தம் வீட்டில் இருந்த கன்னட நடிகர் ராஜ்குமாரை வீரப்பன் கும்பல் கொண்டுபோனது. அப்போது அவருக்கு வயது 71. விடுதலையானது நவம்பர் 15-ல், 108 நாள் கழித்து. அந்த வயதில் ஒருவரைச் சத்தியமங்கலம் காட்டின் நடுவில் உட்காரவைத்து, “உங்களுக்கு விடுதலை, நடங்கள்” என்று சொன்னாலும் எந்தப் பக்கம் நடப்பார்? தண்ணீர் எந்தப் பள்ளத்தில் என்று தெரியாது. யானை எந்த வழியில் இறங்கும் என்று தெரியாது. தெரிந்தவன் கையில் துப்பாக்கி இருக்கிறது. பூட்டும் சாவியும் அவனிடமே.

அதே மாணவர்: அப்படியானால் தப்பிக்கவே முடியாதா?

முடியும். ராஜ்குமாருடன் பிடிபட்டவர்களில் ஒருவர் அந்தச் செப்டம்பரிலேயே தப்பி வெளியே வந்தார். ஆனால் என் நோட்டில் தப்பி வந்தவர்களைவிட, பேச்சுவார்த்தையில் விடப்பட்டவர்களே அதிகம். 1997-ல் பந்திப்பூரில் பிடிபட்ட கானுயிர்ப் படக்கலைஞர்கள் கிருபாகர், சேனானி இருவரும் 14 நாள் காட்டில் இருந்துவிட்டுத் திரும்பினார்கள். எல்லாரும் திரும்பவில்லை என்பதையும் மறைக்கக் கூடாது. கர்நாடக முன்னாள் அமைச்சர் நாகப்பா 2002 ஆகஸ்டில் கடத்தப்பட்டார். டிசம்பரில் காட்டில் பிணமாகக் கிடைத்தார்.

குப்பம், பள்ளி ஆசிரியை: எங்கள் ஆந்திரப் பக்கத்திலும் அதிகாரிகளைக் கடத்தியிருக்கிறார்களே? அதைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

பேசவேண்டியதுதான் அம்மா. 1987 டிசம்பர் கடைசியில் கிழக்கு கோதாவரியில் ஏஜென்சி எனப்படும் பழங்குடி மலைப்பகுதியில் குர்த்தேடு என்ற இடத்தில் எஸ். ஆர். சங்கரன் உள்ளிட்ட ஐ.ஏ.எஸ். அதிகாரிகளை மக்கள் யுத்தக் குழுவினர் பிடித்துவைத்தனர். சிறையிலிருந்த நக்சலைட்டுகளை விட்ட பிறகு அதிகாரிகளும் விடப்பட்டனர். பழங்குடியினருக்காகவும் கொத்தடிமைகளுக்காகவும் உழைத்தவர் என்று பெயர் பெற்றவர் சங்கரன். அவரையே பிடித்தார்கள் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்பு.

நம் தமிழர் ஒருவர் கதையும் உண்டு. திருநெல்வேலிக்காரரான அலெக்ஸ் பால் மேனன் சத்தீஸ்கரில் சுக்மா கலெக்டராக இருந்தபோது, 2012 ஏப்ரல் 21 அன்று கிராமக் கூட்டம் ஒன்றில் மாவோயிஸ்டுகள் அவரைக் கொண்டுபோனார்கள். அவருடைய காவலர்கள் இருவரை அங்கேயே கொன்றார்கள். கலெக்டருக்கு ஆஸ்துமா. பேரம் ஒரு பக்கம் நடக்க, மருந்து எப்படிப் போய்ச் சேரும் என்பது தனிக் கவலையானது. அந்தப் பகுதியின் கம்யூனிஸ்ட் தலைவர் மனீஷ் குஞ்சாம் மருந்தை எடுத்துக்கொண்டு காட்டுக்குள் போனார். மே 3 அன்று கலெக்டர் விடுதலையானார். காட்டுக்குள் போகிற யாரிடமும் நான் முதலில் கேட்பது இதைத்தான்: தினமும் சாப்பிடும் மாத்திரை உண்டா, மூன்று நாளைக்கு வைத்திருக்கிறாயா? கத்தி, டார்ச் எல்லாம் பிறகு.

கொழிஞ்சாம்பாறை, ஒரு பாட்டி: தம்பி, சீதையைத் தூக்கிப் போனதைவிடப் பெரிய கடத்தல் உண்டா? அதை விட்டுவிட்டாயே.

விடவில்லை பாட்டி. வனத்துறைக்காரன் கண்ணில் அது தடயம் பற்றிய கதை. வால்மீகியில், ஆகாயத்தில் போகும்போது மலையுச்சியில் ஐந்து வானரங்கள் உட்கார்ந்திருப்பதைச் சீதை பார்க்கிறாள். நகைகளைக் கழற்றி மேலாடையில் முடிந்து அவர்கள் நடுவில் போடுகிறாள். இராவணன் கவனிக்கவில்லை. என்ன நிதானம் பாருங்கள்! மனிதர் இல்லாத மலையில், யார் கண்ணுக்குப் படுமோ அவர்களிடம் சேர்ப்பித்தாள். பிறகு அந்த முடிச்சுதான் இராமன் கைக்கு வந்தது. கம்பர் இராவணனைச் சீதையைத் தொடவிடாமல் நிலத்தோடு பெயர்த்து எடுக்க வைத்தார். ஆனால் அந்த நகை முடிச்சை அவரும் விடவில்லை.

வழி தவறியவனுக்கும் அதேதான் பாடம். துண்டைக் கிழித்துக் கிளையில் கட்டு, ஈர மண்ணில் காலை அழுத்தி வை. தேடி வரும் காடர், மலசர் பழங்குடி வாட்ச்சர்களுக்கு அது போதும். முறிந்த சுள்ளியின் பச்சையைப் பார்த்தே இன்றா நேற்றா என்று சொல்கிற ஆட்களுடன் நான் நடந்திருக்கிறேன்.

வண்டித்தாவளம், லாரி ஓட்டுநர்: நீங்கள் வழி தவறிய கதையைச் சொல்லுங்கள்.

நெல்லியாம்பதியில், வேலைக்குச் சேர்ந்த புதிது, மார்கழி மாதம். எனக்கு மூத்த மலசர் வாட்ச்சர் முன்னால் போக, ஒரு காட்டெருமைக் கூட்டத்தைப் பார்க்க நான் தடத்தை விட்டு விலகினேன். இருபது அடி இருக்கும். மூடுபனி இறங்கியது. கூப்பிட்டேன், பனியில் சத்தம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று அவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. சும்மா நின்றிருக்க வேண்டும். நடந்தேன். ஒரு மணி நேரம் கழித்து ஈரமண்ணில் ஒரு பூட்ஸ் தடம் தென்பட்டது. ஆள் கிடைத்தது என்று மகிழ்ந்து காலைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். என் தடம்தான்.

சூரியனோ நிலவோ தெரியாவிட்டால் மனிதர் வட்டமடித்தே நடக்கிறார்கள் என்று 2009-ல் வெளிவந்த ஒரு ஆய்வு சொன்னது. ஜெர்மனியில் காட்டுக்குள் ஆட்களை நடக்கவிட்டுப் பார்த்தார்கள். எனக்கு அது அன்றைக்கே தெரிந்துவிட்டது.

இருட்டியது. தீப்பெட்டி நமுத்துப்போயிருந்தது. ஒரு பெரிய மரத்தின் பலகை வேர்கள் இரண்டுக்கு நடுவில் புகுந்துகொண்டேன். விழுந்து கிடந்த மரத்தடியில் கையைவிட்டுக் காய்ந்த சருகை அள்ளிச் சட்டைக்குள் அடைத்தேன். உடம்பெல்லாம் அரித்தது, ஆனால் குளிர் பாதியானது. கீழே பாலக்காட்டில் அன்று இரவு மின்விசிறி ஓடியிருக்கும். எனக்குப் பல் கிட்டியது. விடியற்காலையில் யாரோ இருமுகிற சத்தம். அந்த மூத்தவர். முகாம் கொட்டகை அங்கிருந்து முந்நூறு தப்படி. என்னைத் திட்டவில்லை. சருகை உதறிவிட்டுக் கட்டன்சாயா கொடுத்தார்.

மலம்புழை, பெயர் வேண்டாம் என்றவர்: 2022-ல் எங்கள் மலையில் மாட்டிக்கொண்ட பையனைப் பற்றி?

குறும்பாச்சி மலை. பிப்ரவரி 7 அன்று இறங்கும்போது சறுக்கி, பாறையிடுக்கில் மாட்டிக்கொண்டான். காலில் காயம், சாப்பாடில்லை, தண்ணீரில்லை. ஹெலிகாப்டர் வந்தும் நெருங்க முடியவில்லை. 9-ஆம் தேதி காலை ராணுவத்தினர் கயிற்றில் இறங்கி, முதலில் தண்ணீர் கொடுத்து, பிறகு மேலே ஏற்றினார்கள். நாற்பது மணி நேரத்துக்கு மேல் அந்த வெயிலிலும் குளிரிலும் உட்கார்ந்திருந்தான். அவன் செய்த சரியான காரியங்கள் இரண்டு: இருக்கும் இடத்தைப் படமெடுத்து அனுப்பினான், இடத்தைவிட்டு அசையவில்லை. அனுமதியில்லாமல் ஏறியது தவறுதான். காப்புக்காட்டில் அப்படி நுழைவது கேரளத்தில் குற்றம். இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

பொள்ளாச்சி, மலையேற்றம் பழகுபவர்: ஓடையைப் பிடித்துக் கீழே இறங்கினால் ஊர் வந்துவிடும் என்கிறார்களே?

சமவெளி ஆட்கள் சொல்வது. நம் மலையில் ஓடை அருவியாகும். வழுக்குப் பாறையில் ஒருமுறை இறங்கிவிட்டால் திரும்ப ஏற முடியாது, அடுத்த இறக்கமோ நூறடி. அதோடு, மாலையில் யானையும் அதே தண்ணீருக்கு வரும். தண்ணீர்ச் சத்தம் கேட்கிற தூரத்தில், வானம் தெரிகிற இடமாகப் பார்த்து உட்காருங்கள். செல்போனில் பேச சிக்னல் போதாத இடத்திலிருந்தும் குறுஞ்செய்தி சில சமயம் போய்விடும். அவசர எண் 112.

அதே நபர்: காட்டில் எந்தப் பழத்தைச் சாப்பிடலாம்?

எதையும் வேண்டாம். பட்டினியில் பல நாள் தாங்கலாம், வயிற்றுப்போக்கில் ஒரு நாள் தாங்க முடியாது.

கோவிந்தாபுரம், கடைக்காரர்: எல்லையில் ஆள் காணாமல் போனால் கேரள போலீஸா, தமிழ்நாடு போலீஸா? 24 மணி நேரம் காத்திருக்க வேண்டுமாமே?

காத்திருக்கச் சொல்லும் சட்டம் எதுவும் இல்லை. கடத்தல் என்ற சந்தேகம் இருந்தால், சம்பவம் எந்த எல்லையில் நடந்திருந்தாலும், அருகிலுள்ள ஸ்டேஷனிலேயே புகார் கொடுக்கலாம்; பதிந்து உரிய ஸ்டேஷனுக்கு மாற்றுவது அவர்கள் பொறுப்பு. அதை ஜீரோ எஃப்.ஐ.ஆர். என்பார்கள். பறம்பிக்குளத்தை நினைத்துப் பாருங்கள்: நிலம் கேரளம், ஆனால் பஸ்ஸில் போக சேத்துமடை, டாப்ஸ்லிப் வழியாகத் தமிழ்நாட்டைச் சுற்றித்தான் போகவேண்டும். எல்லை காகிதத்தில்தான் நேராக இருக்கிறது.

சித்தூர், தமிழாசிரியர்: நம் பாலக்காட்டுக் கணவாயில் பழங்காலத்திலும் வழிப்பறி இருந்ததல்லவா?

நல்லவேளை, கேட்டீர்கள். சேரமான் பெருமாளிடம் பரிசுகள் பெற்றுக்கொண்டு சேரநாட்டிலிருந்து திரும்பிய சுந்தரரை, அவிநாசிப் பக்கம் திருமுருகன்பூண்டியில் வேடர்கள் வழிமறித்துப் பறித்தார்கள். வந்தவர்கள் சிவனுடைய பூதகணங்கள் என்று புராணம் சொல்கிறது. ஆனால் சுந்தரர் அங்கே பாடிய பதிகத்தைப் படித்தால், வடுக வேடுவர் குத்திக் கூறையை, அதாவது ஆடையை, பறிக்கும் இடம் இது, இங்கே உனக்கு என்ன வேலை என்று சிவனையே கேட்கிறார். பட்டவன் கோபம் அது. சங்கப் பாட்டின் பாலை வழிகளிலும் ஆறலைகள்வர் என்ற வழிப்பறிக்காரர்கள் இருக்கிறார்கள். வணிகச் சாத்துகள் துணைக்குப் படையோடு போனது சும்மா அல்ல.

திருச்சூர், நாவல் எழுதுபவர்: அண்ணா, கடத்தப்பட்டவன் மலைக்காட்டில் பிழைப்பதை எழுதுகிறேன். எதை விட்டுவிடக் கூடாது?

முதலில், கடத்தியவன்மேல் பாசம் வருகிற அந்தப் பழைய திருப்பத்தை அளவோடு வையுங்கள். ‘ஸ்டாக்ஹோம் சிண்ட்ரோம்’ என்பார்கள்; 1973-ல் ஸ்டாக்ஹோம் வங்கி ஒன்றில் ஆட்களை ஆறு நாள் பிடித்துவைத்ததை வைத்து வந்த பெயர் அது. ஒரே சோற்றைப் பகிர்ந்து தின்பவர்கள் பேசிக்கொள்வதற்கெல்லாம் நோய்ப்பெயர் வேண்டியதில்லை.

அடுத்து, அறியாமையை எழுதுங்கள். 1886-ல் ஸ்டீவன்சன் எழுதிய ‘கிட்நாப்டு’ நாவலில் கடத்தப்பட்ட பையன் கப்பல் உடைந்து ஒரு தீவில் ஒதுங்குகிறான். பச்சைச் சிப்பியைத் தின்று, மழையில் நனைந்து, நாள்கணக்கில் கிடக்கிறான். கடைசியில் மீனவர்கள் சிரித்துக்கொண்டே சொல்லும்போதுதான் தெரிகிறது, கடல் வற்றும் நேரத்தில் அங்கிருந்து நடந்தே கரைக்குப் போய்விடலாம் என்று. முந்நூறு தப்படியில் கொட்டகை இருக்க வேருக்குள் ஒடுங்கிக் கிடந்தவனுக்கு அந்த இடம் சுருக்கென்று தைத்தது.

அப்புறம் அட்டை. மழைக்காலம் என்றால் அட்டை இல்லாமல் ஒரு பக்கமும் நகராது. அதை விரட்டும் உப்பும் புகையிலையும் கடத்தியவனிடம் இருக்கும், உங்கள் ஆளிடம் இருக்காது. எல்லாவற்றுக்கும் மேலாகக் கால். வீட்டிலிருந்து இரவில் இழுத்துப் போகப்பட்டவன் என்ன போட்டிருப்பான்? ரப்பர் செருப்பு. இரண்டாம் நாள் ஏற்றத்தில் வார் அறும். உங்கள் நாவலில் அது எந்த அத்தியாயத்தில் அறுகிறது?