ஏரிக்கரையில் ஒரு பூதமும் ஒரு சிறுமியும்

'படங்களில் பயங்கரமான உருவத்தையும் குழந்தையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஏன் மனதைவிட்டுப் போவதில்லை?' என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்கு உடனே நினைவுக்கு வருவது, ஜேம்ஸ் வேல் 1931-இல் இயக்கிய 'ஃப்ராங்கன்ஸ்டைன்' படத்தின் ஏரிக்கரைக் காட்சி.

மரியா என்ற சிறுமி கரையில் தனியாக இருக்கிறாள். புதரை விலக்கிக்கொண்டு பூதம் வருகிறது. பிணங்களிலிருந்து எடுத்துத் தைத்த உடம்பு, தட்டையான மண்டை. அவள் ஓடவில்லை. விளையாட வருகிறாயா என்று கேட்டு, கையைப் பிடித்து அழைத்துப்போய் உட்கார வைக்கிறாள். ஒரு பூவைக் கொடுக்கிறாள். முகர்ந்து பார்த்துச் சிரிக்கிறது அந்தப் பூதம். பூவைத் தண்ணீரில் போட்டால் படகு மாதிரி மிதக்கும் என்று அவள் போட்டுக் காட்ட, அதுவும் ஒவ்வொன்றாகப் போடுகிறது. பூ தீர்ந்துவிட்டது. வெறுங்கையைப் பார்க்கிறது. அப்புறம் அவளைப் பார்க்கிறது. இவளும் மிதப்பாள் என்று தூக்கி ஏரியில் போட்டுவிடுகிறது. அவள் மேலே வராததைக் கண்டதும் பதறிப்போய்த் தடுமாறி ஓடுகிறது.

நான் முதலில் பார்த்தது இதை அல்ல. 1990களில் நண்பன் வீட்டில் பார்த்த பழைய வீடியோ கேசட்டில், பூதம் அவளை நோக்கிக் கை நீட்டுவதோடு காட்சி நின்றுவிட்டது. 1930களின் பிற்பகுதியில் படத்தை மறுபடி வெளியிட்டபோது, தணிக்கைக்காக அப்படி வெட்டியிருந்தார்கள். அடுத்து அந்தக் குழந்தையை நாம் பார்ப்பது, கல்யாணக் கொண்டாட்டத்தில் இருக்கும் தெருவழியே அப்பா பிணமாகத் தூக்கி வரும்போதுதான். இடையில் என்ன நடந்தது? பிள்ளை பிடிக்கிறவனைப் பற்றிக் கேட்டதெல்லாம் தலைக்குள் ஓடியது. அன்று இரவு நான் தூங்கவில்லை.

வெட்டிய பகுதி 1980களிலேயே திரும்பச் சேர்க்கப்பட்டிருந்தது; அந்தப் பழைய கேசட்டில்தான் அது இல்லை. முழுக் காட்சியைப் பின்னால் பார்த்தபோது அழுதுவிட்டேன். அந்தக் கரையில் இரண்டு குழந்தைகள்தான் இருந்திருக்கிறார்கள். விபரீதம் வரப்போகிறது என்று தெரிந்தவர்கள் பார்க்கிற நாம் மட்டுமே. அதனால்தான் இந்த ஜோடி நம்மை இப்படி உலுக்குகிறது என்று நினைக்கிறேன்.

படத்துக்கு மூலமான, 1818-இல் வந்த மேரி ஷெல்லியின் நாவலில் கதை வேறு. அங்கே ஆற்றில் விழுந்த ஒரு பெண்ணைப் பூதம் காப்பாற்றுகிறது; அவளோடு வந்தவன் அதன் உருவத்தைக் கண்டு சுட்டுவிடுகிறான். அதே நாவலில் ஒரு சிறுவனின் கழுத்தை நெரித்துக் கொல்வதும் அதுதான். ஆக, அது வெறும் அப்பாவி என்று சொல்லிவிடவும் முடியாது.

பூதமாக நடித்தவர் போரிஸ் கார்லஃப். வேடம் போட்டு முடிக்கவே மணிக்கணக்காகுமாம். அந்த முகத்தைப் பார்த்து மரியாவாக நடித்த மர்லின் ஹாரிஸ் என்ற குழந்தை மிரண்டுவிடுமோ என்று படக்குழு பயந்திருக்கிறது. அவளுக்கு அப்போது ஏழு வயது. படப்பிடிப்புக்குக் கிளம்பும்போது நேராக அவரிடம் போய்க் கையைப் பிடித்துக்கொண்டு, அவர் போகும் காரிலேயே தானும் வருவேன் என்றாளாம்.