எரிமலைத் தீவுக்குப் போகலாமா? சேலத்துக்காரர்களின் கேள்விகளுக்குப் பதில்

மாக்னசைட் சுரங்கத்தில் நிலவியலாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். எரிமலைத் தீவுகளைப் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில்.

அஸ்தம்பட்டி, கல்லூரி மாணவர்: சார், ஏற்காடே ஒரு காலத்தில் எரிமலைதான், ஏரி அதன் வாய் என்கிறார்களே?

இல்லை தம்பி. சேர்வராயன் மலை சார்னோகைட் பாறை. சுமார் 250 கோடி ஆண்டுகளுக்கு முன், பூமிக்குள் பல கிலோமீட்டர் ஆழத்தில், கடும் வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருவானது. மேலே மூடியிருந்ததெல்லாம் அரித்துப் போன பிறகு வெளியே தெரிகிறது. எரிமலைக் குழம்பு வெளியே வந்து சட்டென்று ஆறுவதால் அதில் கனிம மணிகள் கண்ணுக்குத் தெரியாத பொடியாக இருக்கும், பல சமயம் காற்றுக் குமிழி ஓட்டைகளும் இருக்கும். ஏற்காடு போகும்போது ஏதாவது ஒரு கொண்டை ஊசி வளைவில் வெட்டுப் பாறையைக் கிட்டே போய்ப் பாருங்கள். மணிமணியாக இருக்கும், ஓட்டை ஒன்றும் இருக்காது.

சூரமங்கலம், ரயில்வே ஊழியர்: பாஸ்போர்ட் இல்லாமல் எரிமலை பார்க்க வழி உண்டா?

உண்டு, பேரன் (Barren) தீவு. போர்ட் பிளேயரிலிருந்து, அதாவது இப்போதைய ஸ்ரீ விஜயபுரத்திலிருந்து, வடகிழக்கே சுமார் 135 கி.மீ. இந்தியாவில் இன்றும் உயிரோடு இருக்கும் எரிமலை அது ஒன்றுதான். 1787-இல் வெடித்ததைப் பதிவு செய்திருக்கிறார்கள். பிறகு நீண்ட காலம் உறங்கி 1991-இல் மறுபடி எழுந்தது. வெளியே தெரிவது 350 மீட்டர் போலத்தான். மிச்ச மலை 2 கிலோமீட்டருக்கு மேல் கடலுக்குள் இருக்கிறது. பூமியின் மேலோடு பெரிய பெரிய தட்டுகளாக உடைந்திருக்கிறது. அவற்றில் இந்தியத் தட்டு பர்மா தட்டுக்கு அடியில் செருகும் இடம் அது. 2004 சுனாமியைக் கிளப்பியதும் அதே செருகல்தான்.

சுற்றுலாப் பயணிகள் கரையில் இறங்க முடியாது. அனுமதி பெற்ற படகிலிருந்து பார்க்கலாம், அவ்வளவுதான். நீங்கள் போகும் நாளில் அது புகைய வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. இதற்காக மட்டும் அந்தமான் போக வேண்டாம் என்பேன். அந்தமான் போகிறவர் வசதி இருந்தால் சேர்த்துக்கொள்ளலாம்.

ஓமலூர், புதிதாகத் திருமணம் ஆனவர்: மொரீஷியஸா, ஹவாயா? இரண்டுமே எரிமலைத் தீவுதானே, என்ன வித்தியாசம்?

வயதுதான் வித்தியாசம். பூமிக்குள் ஆழத்திலிருந்து சூடான பாறை மேலெழும் இடங்கள், அதாவது வெப்ப ஊற்றுகள், சில உண்டு. அந்த இடம் ஏறக்குறைய அப்படியே நிற்க, மேலே கடல்தளத் தட்டு நகர்ந்துகொண்டே இருக்கும். தையல் மெஷினில் ஊசி நிற்க, துணி நகர்ந்து வரிசையாகத் தையல் விழுமே, அப்படித் தீவுகள் வரிசையாகப் பிறக்கின்றன. ஹவாயில் பெரிய தீவு ஊசிக்குக் கீழேயே இருக்கிறது. அங்கே கிலாவேயா எரிமலை 2018-இல் எழுநூறு வீடுகளை விழுங்கியது. அதே வரிசையில் வடமேற்கே உள்ள கவாய் தீவுக்கு வயது 50 லட்சம் ஆண்டு. நெருப்பு அணைந்து பச்சைப் பள்ளத்தாக்காகிவிட்டது.

மொரீஷியஸ் கதை நமக்கு இன்னும் நெருக்கம். சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் மகாராஷ்டிரப் பக்கம் தக்காணத்தை எரிமலைக் குழம்பால் மூடிய அதே வெப்ப ஊற்றுதான், இந்தியா வடக்கே நகர நகர, லட்சத்தீவு, மாலத்தீவுகளின் அடித்தளத்தைப் போட்டது. அவற்றின் மேலே பவளம் வளர்ந்ததால் எரிமலை கண்ணில் படுவதில்லை. பிறகு மொரீஷியஸ். இப்போது அதன் பக்கத்துத் தீவான ரீயூனியனில் பித்தோன் த லா ஃபூர்னேஸ் என்ற எரிமலையாக அடிக்கடி பொங்குகிறது. ஆக, நெருப்பு ரீயூனியனில், கடற்கரை மொரீஷியஸில். தேனிலவுக்கு மொரீஷியஸ்தான் என் ஓட்டு. சுற்றிலும் பவளத்திட்டு இருப்பதால் கடல் அமைதி. கியூர்பிப் ஊரில் அணைந்த எரிமலை வாயைச் சுற்றியே நடக்கலாம். அந்நாட்டு ரூபாய் நோட்டிலும் தமிழ் இருக்கும், தைப்பூசத்துக்கு அரசு விடுமுறை!

ஏற்காடு, காபித் தோட்டக்காரர்: மொரீஷியஸில் ஏழு வண்ண மண் என்று ஷமரேலில் காட்டுகிறார்களே, பார்க்கத் தகுந்ததா?

அரை மணி நேரத்துக்குத் தகும். எரிமலைப் பாறை மழையிலும் வெயிலிலும் மக்கி, சிலிக்கா கரைந்து ஓடி, இரும்பும் அலுமினியமும் தங்கிய மண் அது. இரும்பு சிவப்பு, பழுப்பு நிறங்களைத் தருகிறது. உங்கள் மலை உச்சியில் பாக்சைட் தோண்டினார்களே, அதுவும் இதே வேலைதான், பாறை மட்டும் வேறு. அதை யாரும் டிக்கெட் போட்டுக் காட்டவில்லை.

செவ்வாய்ப்பேட்டை, கடைக்காரர்: ஹவாயில் பச்சை மணல் கடற்கரை உண்டாமே? கொஞ்சம் அள்ளி வரலாமா?

பாப்பகோலியா கடற்கரை. அள்ளக் கூடாது, தடை உண்டு. அந்தப் பச்சை, ஆலிவின் என்ற கனிமம். அதற்காக ஹவாய் வரை போவானேன்? சேலத்துக்கும் ஓமலூருக்கும் இடையே உள்ள வெள்ளைக்கல் சுரங்கப் பகுதியில் டியூனைட் பாறை இருக்கிறது. அது பெரும்பாலும் ஆலிவின்தான். கார்பன் டை ஆக்சைடு கலந்த நீர் அதன் விரிசல்களில் புகுந்து வேலை செய்ததால்தான் நமக்கு வெள்ளை மாக்னசைட் நரம்புகள் கிடைத்தன.

அம்மாபேட்டை, இரண்டு பிள்ளைகளின் தாய்: எரிமலை வாய் வரை குழந்தைகளைக் கூட்டிப் போகலாமா?

வேண்டாம் அம்மா. நியூசிலாந்தின் வக்காரி தீவில் 2019 டிசம்பர் 9 அன்று 47 பேர் இருந்தார்கள். ஒரே வெடிப்பில் 22 பேர் உயிரிழந்தனர். அன்று குழம்பு ஓடவில்லை, நீராவியும் சாம்பலும்தான். எச்சரிக்கை அளவும் உச்சத்தில் இல்லை. அமைதியாக இருக்கிறது என்பதை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. இன்னொன்று: இந்தோனேசியாவின் அனக் கிரக்கதோவா எரிமலையின் ஒரு பக்கம் 2018-இல் சரிந்து விழுந்ததும் சுனாமி வந்தது, நிலநடுக்கம் எச்சரிக்கவில்லை. ஆஸ்துமா உள்ள பிள்ளை என்றால் கந்தக வாயு இன்னும் மோசம். தூரத்துப் பார்வை மேடை, அருங்காட்சியகம், வெந்நீர் ஊற்று, இவை போதும்.

ஆத்தூர், ஐ.டி. ஊழியர்: ஐஸ்லாந்து?

காசும் ஷெங்கன் விசாவும் இருந்தால் தாராளமாக. தட்டுகள் விலகும் பிளவை அங்கே திங்வெட்லிர் தேசியப் பூங்காவில் நடந்தே பார்க்கலாம். 1963-இல் கடலிலிருந்து பிறந்த சுர்ட்சே தீவைக் கேட்காதீர்கள். ஆய்வாளர்களுக்கு மட்டும்தான் அனுமதி.

மேட்டூர், ஆசிரியை: ராமேஸ்வரம் போனபோது மிதக்கும் கல் பார்த்தோம். எரிமலைக் கல்லா?

இருக்கலாம். எரிமலை நுரை உறைந்த கல் மிதக்கும். 1883-இல் கிரக்கதோவா வெடித்தபோது அந்தக் கற்கள் இந்தியப் பெருங்கடலைக் கடந்து ஆப்பிரிக்கா வரை மிதந்து போயின. ஆனால் ஓட்டை நிறைந்த காய்ந்த பவளமும் சில சமயம் மிதக்கும். துளி சுரண்டிய தூளில் எலுமிச்சைச் சாறு விடுங்கள். நுரைத்தால் பவளம். அப்படியென்றால் வாங்காதீர்கள், பவளத்தை விற்பதும் வாங்குவதும் வனவிலங்குச் சட்டப்படி குற்றம்.